ஆப்பிள் நத்தைக்குப் பெயர் எழுதுவது எப்படி: மாதிரி முதல் லேபிள் வரை முழு வழிகாட்டி

மஞ்சள் ஓடு, உள்ளங்கை நிறையும் அளவு, தண்ணீருக்கு மேலே ஒட்டிய இளஞ்சிவப்பு முட்டைக் கொத்து. போட்டோவை இணையத்தில் போட்டுத் தேடினால் 'பொமேசியா கனாலிகுலேட்டா' என்று வந்துவிடுகிறது. அதை நோட்டில் எழுதி, கீழே வகுப்பு, வரிசை, குடும்பம் எல்லாவற்றையும் பழைய பாடப்புத்தகத்திலிருந்து நிரப்பிக் கொண்டுவருவார்கள். என்னிடம் சரிபார்க்க வரும் பதிவேடுகளில் பெரும்பாலானவை இப்படித்தான் இருக்கின்றன. பெயர் தப்பு என்பதைவிடப் பெரிய சிக்கல் ஒன்று உண்டு. அது தப்பா சரியா என்று பிறகு யாரும் சோதிக்க முடியாதபடி எழுதியிருப்பார்கள்.

பெயரை முதலில் எழுதுவதுதான் இதற்குக் காரணம். பெயர் கடைசியில் வர வேண்டியது. எந்த வரிசையில் போனால் அங்கே சரியாகப் போய்ச் சேரலாம் என்பதைக் கீழே படிப்படியாகச் சொல்கிறேன். எடுத்துக்காட்டுக்குத் தென் அமெரிக்காவிலிருந்து ஆசியாவுக்கும் வட அமெரிக்காவுக்கும் ஐரோப்பாவுக்கும் பரவிய ஆப்பிள் நத்தைகளை, அதாவது பொமேசியா பேரினத்தை, எடுத்துக்கொள்கிறேன். பெயர்க் குழப்பம் எத்தனை வகைப்படுமோ அத்தனையும் இந்த ஒரு பேரினத்தில் இருக்கிறது.

ஒரு குறிப்பு. இங்கே அறிவியல் பெயர்களை ஒலிப்படி தமிழில் எழுதியிருக்கிறேன். லேபிளில் அவற்றை லத்தீன் எழுத்தில்தான் எழுத வேண்டும். பேரினம் பெரிய எழுத்தில் தொடங்கும், சிற்றினம் சின்ன எழுத்தில். அச்சில் சாய்வெழுத்து, கையால் எழுதினால் அடிக்கோடு.

தொடங்குமுன் கையில் இருக்க வேண்டியவை

நத்தை ஒன்று போதாது. நாலைந்தாவது வேண்டும், அதில் வளர்ந்ததும் குஞ்சும் கலந்திருந்தால் நல்லது. ஓட்டின் தோள், அதாவது சுருளின் மேல்விளிம்பு, வயதோடு வடிவம் மாறுவதால், ஒற்றை ஓட்டை வைத்துச் சொல்லும் முடிவு பாதி ஊகம்தான்.

பத்து மடங்கு பெரிதாக்கும் கைலென்ஸ், வெர்னியர் அளவுகோல், ரப்பர் கையுறை, பென்சில், தண்ணீரில் கரையாத தாள். பேனா வேண்டாம், ஆல்கஹாலில் மை ஓடிவிடும்.

திசுவுக்கு 95 சதவீத எத்தனால். ஃபார்மலினில் போட்டால் பிறகு டிஎன்ஏ எடுப்பது பெரும்பாடு. இன்னொன்று: ஓட்டின் வாயை அடைக்கும் மூடியுள்ள நத்தையை உயிரோடு ஆல்கஹாலில் போட்டால் அது மூடியை இறுக்கி அடைத்துக்கொள்ளும், உள்ளே ஆல்கஹால் போகாது. ஒரு வாரம் கழித்துத் திறந்தால் நாற்றம் தாங்காது. மென்தால் படிகம் போட்ட தண்ணீரில் வைத்து உடல் தளர்ந்த பிறகு, பாதத்தின் ஓரத்தில் பட்டாணி அளவு வெட்டித் தனிக் குப்பியில் போடுங்கள்.

கையுறை சம்பிரதாயத்துக்கு அல்ல. இந்த நத்தைகள் எலி நுரையீரல் புழுவைச் சுமக்கக்கூடியவை, அது மனித மூளை உறையில் அழற்சி உண்டாக்கும். வேலை முடிந்ததும் கை கழுவுங்கள். மிச்சமிருக்கும் உயிருள்ள நத்தையைக் குளத்தில் விட வேண்டாம்.

1. மாதிரிக்கு எண் கொடுங்கள், பெயர் கொடுக்காதீர்கள்

முதல் நாள் லேபிளில் இருக்க வேண்டியவை: ஓர் எண், இடம், தேதி, எந்த வகை நீர்நிலை, யார் எடுத்தது. அவ்வளவுதான். பெயர் எழுதும் இடத்தைக் காலியாக விடுங்கள்.

பெயர் எழுதியதுமே கண் அதற்கேற்பப் பார்க்கத் தொடங்கிவிடும். 'கனாலிகுலேட்டா' என்று எழுதியவருக்கு எல்லா ஓட்டிலும் ஆழமான பள்ளம் தெரியும். எனக்கும் தெரிந்திருக்கிறது.

இடம் எழுதும்போது எங்கே கிடைத்தது என்பதோடு எப்படிக் கிடைத்தது என்பதும் வேண்டும். அக்வாரியம் கடையில் வாங்கியதை அந்த ஊர் நீர்நிலையில் பிடித்தது போல எழுதிவிட்டால், நாளைக்கு யாராவது அந்த ஊரை அயல் நத்தை பரவிய இடமாக வரைபடத்தில் புள்ளி வைத்துவிடுவார்.

2. முதலில் பேரினம் வரைக்கும் வாருங்கள்

தமிழ்நாட்டு வயலிலும் குளத்திலும் இருக்கும் நம் பெரிய நத்தை பைலா பேரினம். பைலா குளோபோசா, பைலா வைரன்ஸ் இரண்டும் விலங்கியல் படித்தவர்களுக்குத் தெரிந்த பெயர்கள். பைலாவும் பொமேசியாவும் ஒரே குடும்பம், தூரத்திலிருந்து பார்த்தால் அண்ணன் தம்பி மாதிரியே இருக்கும். பைலா ஆசியாவையும் ஆப்பிரிக்காவையும் சேர்ந்தது, பொமேசியா அமெரிக்கக் கண்டங்களைச் சேர்ந்தது. வயலில் பிடித்த பைலாவை 'அயல் நத்தை' என்று பதறிக்கொண்டு கொண்டுவருபவர்கள் உண்டு. பாவம், அது காலங்காலமாக இங்கேயே இருப்பது.

பிரிக்கும் வழி எளிது, ஓட்டைப் பார்ப்பதற்கு முன் மூடியைப் பாருங்கள். நத்தை உள்ளே போனதும் வாயை அடைக்கும் அந்தத் தட்டைத் தனியே எடுத்து, உட்புறத்தை நகத்தால் தட்டுங்கள். பைலாவின் மூடியில் உட்பக்கம் சுண்ணாம்புப் படலம் உண்டு. வெள்ளையாக, பீங்கான் போல 'டக்'கென்று ஒலிக்கும். வளைக்கப் பார்த்தால் உடையும். பொமேசியாவின் மூடி பழுப்பு நிறக் கொம்புப்பொருள், பெருவிரல் நகம் போல லேசாக வளையும். இந்த ஒரு சோதனைக்கு அரை நிமிடம் ஆகும். ஆனால் போட்டோவில் இது தெரியவே தெரியாது, அதனால்தான் போட்டோவை மட்டும் நம்பக் கூடாது என்கிறேன்.

அடுத்தது முட்டை. பைலா நீரோரத்தின் ஈர மண்ணில் வெள்ளை முட்டைகளை இடும். பொமேசியாவில் நாம் பேசும் இனங்கள் தண்ணீருக்கு மேலே தண்டிலும் சுவரிலும் சுண்ணாம்பு ஓடுள்ள முட்டைக் கொத்தை ஒட்டும். உயிரோடு இருந்தால் மூச்சுக்குழலையும் பாருங்கள்: பொமேசியா அதை நீளமாக நீட்டும், பைலாவுக்குக் குட்டை.

கொம்பு மூடி இருந்தால் உடனே பொமேசியா என்று முடிவு கட்டவும் வேண்டாம். நம் குளங்களில் இருக்கும் விவிபாரிடே குடும்பத்துச் சிறு நத்தைகளுக்கும் கொம்பு மூடிதான். அவை முட்டை இடாமல் குஞ்சு போடுபவை. பெண் நத்தையைத் திறந்தால் ஓட்டோடு கூடிய குட்டி நத்தைகள் உள்ளேயே இருக்கும்.

3. சிற்றினத்தை நிறத்தை வைத்துச் சொல்லாதீர்கள்

'தங்க ஆப்பிள் நத்தை' என்ற வழக்குப் பெயர் பலரைக் கவிழ்த்திருக்கிறது. தங்க நிறம் ஒரு சிற்றினத்தின் அடையாளம் அல்ல. ஒரே கொத்தில் பொரித்த குஞ்சுகளில்கூட மஞ்சளும் வரிபோட்ட பழுப்பும் வரும். நிறத்தைக் குறித்துக்கொள்ளுங்கள், முடிவுக்குப் பயன்படுத்த வேண்டாம்.

ஆசியாவில் அயல் பொமேசியாவாக அறியப்பட்ட நான்கு இனங்களை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்: கனாலிகுலேட்டா, மாகுலேட்டா, டிஃப்யூசா, ஸ்காலாரிஸ். முதல் இரண்டும் பல நாடுகளில் பரவியவை. ஸ்காலாரிஸ் தைவானில் பதிவானது. நமக்குப் பக்கத்தில், இலங்கையில் குடியேறியிருப்பது டிஃப்யூசா. இலங்கை நத்தைக்குக் கண்ணை மூடிக்கொண்டு கனாலிகுலேட்டா என்று எழுதுவது இதனால்தான் தப்பு.

ஓட்டைச் சுருள் முனை மேலே இருக்கும்படி பிடித்து, சுருளும் சுருளும் சேரும் கோட்டை லென்சில் பாருங்கள். கனாலிகுலேட்டாவில் அந்தக் கோடு ஒரு வாய்க்கால் போல ஆழமாக உள்வாங்கியிருக்கும். பெயருக்குப் பொருளே 'வாய்க்கால் உள்ளது' என்பதுதான். டிஃப்யூசாவில் கோடு ஆழமில்லை, சுருளின் தோள் தட்டையாகி மூலை வைத்தது போல நிற்கும். ஸ்காலாரிஸ் ஏணிப்படி போல, அதன் பெயரும் அதையே சொல்கிறது.

சிக்கல் கனாலிகுலேட்டாவையும் மாகுலேட்டாவையும் பிரிப்பதில்தான். மாகுலேட்டாவில் ஓட்டு வாயின் உள்விளிம்பில் மஞ்சளிலிருந்து செம்மஞ்சள் வரை நிறம் படிந்திருக்கும், கனாலிகுலேட்டாவில் அது இருக்காது. மாகுலேட்டாவின் முட்டைகள் சிறியவை, ஒரு கொத்தில் எண்ணிக்கை பல மடங்கு அதிகம். ஆண் உறுப்பின் உறையிலுள்ள சுரப்பிகளின் அமைப்பும் வேறு, ஆனால் அதை அறுத்துப் பார்த்துச் சொல்லப் பழக்கம் வேண்டும்.

பழைய ஓட்டில் விளிம்பு நிறம் மங்கிவிடும். வெயிலில் கிடந்து வெளுத்த ஓட்டை வைத்து 'நிறம் இல்லை, ஆகவே கனாலிகுலேட்டா' என்று எழுதினால் அந்த முடிவுக்கு மதிப்பில்லை.

டிஎன்ஏ பார்த்தால் தீர்ந்ததா? பாதி தீரும். வழக்கமாகப் பார்க்கும் சிஓஐ மரபணு தாய்வழியாக மட்டும் வருவது. ஆசியாவில் இந்த இரண்டு இனங்களும் ஒன்றோடொன்று இனக்கலப்பு ஆகியிருப்பது தெரிந்த விஷயம். ஆக, தாய்வழி மரபணு ஒன்றைக் காட்டும், உடல் இன்னொன்றைக் காட்டும். உட்கரு மரபணு ஒன்றையாவது சேர்த்துப் பார்க்க வேண்டும். டிஎன்ஏ வரிசைகளைச் சேர்த்து வைக்கும் ஜென்பேங்க் தரவுத்தளத்தில் தேடும்போது முதலில் வரும் பெயரை அப்படியே எடுக்கவும் கூடாது. பழைய வரிசைகள் பழைய பெயரோடே அங்கே கிடக்கின்றன. 'இன்சுலேரம்' என்று வந்தால் அது இன்றைய கணக்கில் எது என்பது 7ஆம் படியில் வருகிறது.

4. தெரியாத இடத்தில் நின்றுவிடுங்கள்

மேலே சொன்னதெல்லாம் பார்த்தும் முடிவு வரவில்லையா? சரி, 'பொமேசியா, சிற்றினம் தீர்மானிக்கப்படவில்லை' என்று எழுதுங்கள். இதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. ஐரோப்பிய ஒன்றியம் 2012இல் தடை போட்டபோது பொமேசியா பேரினத்தையே மொத்தமாகத் தடை செய்தது. ஆக, பேரினம் வரைக்கும் சரியாக எழுதிய பதிவே பயனுள்ளதுதான்.

ஓர் இனத்தை ஒத்திருக்கிறது, ஆனால் உறுதியில்லை என்றால் பேரினத்துக்கும் சிற்றினத்துக்கும் நடுவில் 'சிஎஃப்' (cf.) என்ற சுருக்கத்தைப் போடுவது வழக்கம், 'ஒப்பிடுக' என்று பொருள். கேள்விக்குறி போடுவதைவிட இது மேல். கேள்விக்குறியைக் கணினியில் ஏற்றுபவர் தட்டச்சுப் பிழை என்று நினைத்து நீக்கிவிடுவார்.

5. இன்றைய பெயருக்கு முன் ஆதிப்பெயரைத் தேடுங்கள்

இனம் முடிவான பிறகு பெயர் வேலை தொடங்குகிறது. இங்கே எல்லாரும் செய்வது, இன்று புழக்கத்தில் உள்ள பெயரை மெல்லுடலிகளின் பெயர்களுக்கான மொலஸ்காபேஸ் தரவுத்தளத்தில் பார்த்து எழுதிவிட்டு எழுந்துவிடுவது. அந்தப் பக்கத்தில் இன்னும் கொஞ்சம் கீழே 'ஆதிப்பெயர்' என்று ஒன்று இருக்கும். அதைத்தான் முதலில் குறிக்க வேண்டும். அதில் மூன்று விவரம் வேண்டும்: முதன்முதலில் எந்தப் பேரினத்தில் வைத்தார்கள், யார், எந்த ஆண்டு. அடுத்த இரண்டு படிகளும் இந்த மூன்றையும் நம்பித்தான் நிற்கின்றன.

நம் இனங்களுக்கு அவை இப்படி வரும்.

கனாலிகுலேட்டாவை லமார்க் 1822இல் ஆம்புல்லாரியா கனாலிகுலேட்டா என்று விவரித்தார்.

மாகுலேட்டாவை ஜார்ஜ் பெர்ரி 1810இல் பொமேசியா மாகுலேட்டா என்றே விவரித்தார். பொமேசியா பேரினத்தையே அவர் அப்போதுதான் உண்டாக்கினார், அதன் வகைச்சிற்றினம், அதாவது பேரினத்தின் பெயருக்கு ஆதாரமாக நிற்கும் இனம், இதுதான்.

டிஃப்யூசாவை ப்ளூமே 1957இல் பொமேசியா பிரிட்ஜெசியின் துணையினமாக வைத்தார். பிறகுதான் அது தனி இனமாக உயர்ந்தது.

ஆண்டைச் சும்மா நகலெடுக்காதீர்கள். கனாலிகுலேட்டாவுக்குப் பழைய கட்டுரைகள் பலவற்றில் 1819 என்று இருக்கும். லமார்க்கின் முதுகெலும்பற்ற விலங்குகள் பற்றிய பெரிய நூலின் ஆறாம் தொகுதி இரண்டு பகுதியாக வந்தது: முதல் பகுதி 1819, இரண்டாம் பகுதி 1822. நம் நத்தை இரண்டாம் பகுதியில் இருக்கிறது. தொகுதி எண்ணை மட்டும் பார்த்து ஆண்டு எழுதியவர்கள் 1819 என்று எழுத, அடுத்தவர்கள் அதையே பார்த்து எழுதிக்கொண்டே வந்தார்கள். இந்தப் பழைய நூல்கள் பயோடைவர்சிட்டி ஹெரிட்டேஜ் லைப்ரரி தளத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன. பத்து நிமிடம் செலவழித்துத் தலைப்புப் பக்கத்தைக் கண்ணால் பார்த்துவிடுங்கள்.

6. அடைப்புக்குறியும் பால் விகுதியும்

சிறிய விஷயம், ஆனால் இதில் தவறாத புதியவரை நான் பார்த்ததில்லை.

விவரித்தவர் பெயரை அடைப்புக்குறிக்குள் போடுவது அலங்காரத்துக்கு அல்ல. இனம் ஆதியில் வைக்கப்பட்ட பேரினத்திலிருந்து இன்று வேறு பேரினத்துக்கு மாறியிருந்தால் மட்டும் அடைப்புக்குறி வரும். ஆகவே:

பொமேசியா கனாலிகுலேட்டா (லமார்க், 1822). ஆம்புல்லாரியாவிலிருந்து வந்தது, அடைப்புக்குறி உண்டு.

பொமேசியா மாகுலேட்டா பெர்ரி, 1810. பிறந்த வீட்டிலேயே இருக்கிறது, அடைப்புக்குறி கிடையாது.

பொமேசியா டிஃப்யூசா ப்ளூமே, 1957. துணையினம் இனமாக உயர்ந்தது, ஆனால் பேரினம் மாறவில்லை. அடைப்புக்குறி கிடையாது. ஏதோ மாறியிருக்கிறதே என்று இதற்கு அடைப்புக்குறி போட்டு, ஒரு பெட்டி லேபிளைத் திரும்ப எழுதியவன் நான்.

அடுத்தது பால் விகுதி. சிற்றினப் பெயர் லத்தீனில் உரிச்சொல்லாக இருந்தால் பேரினத்தின் பாலுக்கு ஏற்ப முடிவு மாற வேண்டும். பொமேசியா பெண்பால், அதனால் கனாலிகுலேட்டா. இதே நத்தையை ஆம்புல்லாரியஸ் என்ற ஆண்பால் பேரினத்தில் வைத்து எழுதியவர்கள் கனாலிகுலேட்டஸ் என்று மாற்றினார்கள். விதிப்படி சரி.

ஆனால் அதே வேகத்தில் 'இன்சுலேரம்' என்பதையும் 'இன்சுலேரஸ்' என்று மாற்றியிருக்கிறார்கள், கிழக்காசியப் பழைய கட்டுரைகளில் இதைக் காணலாம். இது தப்பு. இன்சுலேரம் உரிச்சொல் அல்ல, 'தீவுகளின்' என்று பொருள்படும் ஆறாம் வேற்றுமைப் பெயர்ச்சொல். பேரினம் எந்தப் பாலானாலும் அது அசையாது. மாற்றுமுன் சொல் உரிச்சொல்லா பெயர்ச்சொல்லா என்று ஒரு லத்தீன் அகராதியைப் பாருங்கள்.

எழுத்துக்கூட்டல் இன்னொரு பள்ளம். ஆளின் நினைவாக வைத்த பெயர்களில் கடைசியில் லத்தீன் 'ஐ' (i) எழுத்து ஒன்றா இரண்டா என்பது ஆதி எழுத்துக்கூட்டலைப் பொறுத்தது. பிரிட்ஜெசிக்கு ரீவ் 1856இல் இரண்டு போட்டார், இரண்டுதான். அக்வாரியம் கடைகளிலும் இணையத்திலும் ஒன்று போட்டிருப்பார்கள். அதோடு, அங்கே பிரிட்ஜெசி என்று விற்பதில் பெரும்பாலானது உண்மையில் டிஃப்யூசா. எழுத்தைத் திருத்திவிட்டு நத்தையைத் திருத்தாமல் விட்டுவிடாதீர்கள்.

7. ஒத்த பெயர்களையும் தவறான அடையாளங்களையும் தனித்தனியே எழுதுங்கள்

இந்தப் படிதான் எல்லாவற்றிலும் கடினம், பொறுமையாகப் போவோம்.

ஒரே இனத்துக்குப் பலர் பல பெயர் வைத்திருந்தால் மூத்த பெயர் நிற்கும். பெர்ரி 1810இல் மாகுலேட்டா என்றார். ஸ்பிக்ஸ் 1827இல் ஜைகாஸ் என்றார். டோர்பிக்னி 1835இல் இன்சுலேரம் என்றார். 2012இல் வந்த விரிவான ஆய்வு இவை மூன்றும் ஒன்றே என்று காட்டியது. மூத்தது மாகுலேட்டா, அது நின்றது. மற்ற இரண்டும் அதன் ஒத்த பெயர்கள்.

இப்போது வேறொரு வகைக் குழப்பம். அமெரிக்காவின் டெக்சஸ் மாநிலத்தில் பரவிய நத்தையை முதலில் கனாலிகுலேட்டா என்று எழுதினார்கள். பிறகு டிஎன்ஏ பார்த்து இன்சுலேரம் என்று திருத்தினார்கள். பிறகு அது மாகுலேட்டா ஆனது. இந்த இரண்டு மாற்றமும் ஒரே மாதிரி தோன்றும், ஆனால் அடியோடு வேறு.

இன்சுலேரம் மாகுலேட்டாவானது பெயர் மாற்றம். நத்தையைத் திரும்பப் பார்க்கத் தேவையில்லை, பழைய கட்டுரையில் இன்சுலேரம் என்று இருந்தால் அப்படியே மாகுலேட்டா என்று படித்துக்கொள்ளலாம். கனாலிகுலேட்டா இன்சுலேரம் ஆனது அடையாளத் திருத்தம். கனாலிகுலேட்டா என்ற இனம் தனியே, நன்றாகவே இருக்கிறது. பழைய கட்டுரையில் கனாலிகுலேட்டா என்று கண்டதையெல்லாம் மாகுலேட்டா என்று மாற்றினால் அர்ஜென்டினாவின் உண்மையான கனாலிகுலேட்டாவும் சேர்ந்து மறைந்துவிடும்.

அதனால் நோட்டில் இரண்டு பத்தி போடுங்கள். இடப்பக்கம் 'ஒத்த பெயர்கள்', வலப்பக்கம் 'இந்தப் பெயரில் தவறாகப் பதிவானவை'. வலப்பக்கத்தில் எழுதும் ஒவ்வொன்றுக்கும் எந்த நாட்டுப் பதிவு, எந்த ஆண்டுக் கட்டுரை என்பதும் வேண்டும். அது இல்லாமல் வலப்பக்கப் பட்டியலுக்குப் பயனே இல்லை.

ஒத்த பெயர் எவ்வளவு தூரம் வழிதவற வைக்கும் என்பதற்கு வேறு ஒரு நத்தை: நியூசிலாந்துச் சேற்று நத்தை, பொட்டமோபைர்கஸ் ஆன்டிபோடேரம். கிரே 1843இல் நியூசிலாந்திலிருந்து விவரித்தார். இங்கிலாந்தில் தேம்ஸ் முகத்துவாரத்தில் அதே நத்தை கிடைத்தபோது இ.ஏ. ஸ்மித் 1889இல் அதை ஹைட்ரோபியா ஜென்கின்சி என்று புதிய இனமாக விவரித்தார். ஐரோப்பாவுக்கே உரிய நத்தை போல அது பல பத்தாண்டுகள் அந்தப் பெயரில் வாழ்ந்தது. ஜென்கின்சி என்று மட்டும் தேடுபவருக்கு நியூசிலாந்து கண்ணிலேயே படாது.

8. இப்போது மேல்நிலை வகைப்பாடு

சிற்றினம் முடிந்த பிறகுதான் குடும்பம், வரிசை. புதியவர்கள் தலைகீழாக மேலிருந்து தொடங்குவார்கள். மேல்நிலைகள்தான் அதிகம் மாறுபவை என்பதால் அவற்றைக் கடைசியாக, ஒரே மூலத்திலிருந்து, ஒரே நாளில் எடுத்து எழுத வேண்டும். குடும்பத்தை ஒரு புத்தகத்திலிருந்தும் வரிசையை இன்னொன்றிலிருந்தும் எடுத்தால் எங்குமே இல்லாத ஒரு வகைப்பாடு உண்டாகும்.

பொமேசியாவுக்கு இன்று: தொகுதி மெல்லுடலிகள், வகுப்பு வயிற்றுக்காலிகள், துணைவகுப்பு சீனோகாஸ்ட்ரோபோடா, வரிசை ஆர்கிடீனியோகுளாசா, பெருங்குடும்பம் ஆம்புல்லாரியாய்டியா, குடும்பம் ஆம்புல்லாரிடே. நம் பழைய பாடப்புத்தகங்களில் இருக்கும் புரோசோபிராங்கியா, மீசோகாஸ்ட்ரோபோடா இரண்டும் இப்போது வழக்கில் இல்லை. உறவு முறையைச் சரியாகக் காட்டாத தொகுப்புகள் என்று கைவிடப்பட்டவை.

குடும்பப் பெயரில் ஒரு கேள்வி தவறாமல் வரும். ஆம்புல்லாரியா என்ற பேரினம் இன்று செல்லாது, ரோடிங் 1798இல் வைத்த பைலாதான் மூத்தது. அப்படியென்றால் குடும்பம் மட்டும் ஏன் ஆம்புல்லாரிடே? பைலிடே என்றல்லவா இருக்க வேண்டும்? நியாயமான கேள்விதான், சில பழைய நூல்களில் பைலிடே என்றே இருக்கும். ஆனால் கிரே 1824இல் வைத்த ஆம்புல்லாரிடே மூத்தது, பைலிடே 1915இல் வந்தது. பேரினம் செல்லாமல் போனதற்காகக் குடும்பப் பெயரை மாற்ற வேண்டியதில்லை. விலங்கியல் பெயரிடல் ஆணையமும் 1999இல் இதில் முடிவு சொல்லி ஆம்புல்லாரிடேவை நிலைநிறுத்தியது. ஆக பைலாவின் குடும்பமும் ஆம்புல்லாரிடேதான்.

மேல்நிலை மாற்றம் பொமேசியாவுக்கு மட்டும் நடந்ததில்லை. மேலே சொன்ன நியூசிலாந்து நத்தை ஹைட்ரோபிடே குடும்பத்திலிருந்து டேட்டிடே குடும்பத்துக்குப் போயிருக்கிறது. சிற்றினப் பெயரில் ஓர் எழுத்தும் மாறவில்லை.

9. 'அயல்', 'ஆக்கிரமிப்பு' என்பவை பெயரின் பகுதி அல்ல

ஒரு நத்தை ஓரிடத்தில் அயலானது என்பது அந்த இடத்தைப் பற்றிய தகவல், நத்தையைப் பற்றியது அல்ல. லா பிளாட்டா ஆற்றுப் படுகையில் கனாலிகுலேட்டா சொந்த மண்ணில் இருக்கிறது. 1980 வாக்கில் உணவுக்காகத் தைவானுக்குக் கொண்டுபோன பிறகுதான் கிழக்காசிய நெல்வயல்களில் அது தொல்லையானது. ஆகவே இந்த விவரத்தை இடத்தோடு சேர்த்துத் தனி வரியில் எழுதுங்கள்.

முதலில் விவரித்த இடம்தான் சொந்த ஊர் என்றும் நினைத்துவிடாதீர்கள். ஃபைசெல்லா அக்யூட்டா என்ற சின்ன நத்தையை ட்ராபர்னோ பிரான்சின் கரோன் ஆற்றிலிருந்து விவரித்தார், 1805இல் அச்சானது. ஆனால் அது வட அமெரிக்க நத்தை. பெயர் வைக்குமுன்பே கடல் தாண்டி வந்துவிட்டது. இதன் பேரினம் ஃபைசாவா ஃபைசெல்லாவா என்பதில் அறிஞர்களிடையே இன்னும் ஒருமித்த கருத்தில்லை. அப்படிப்பட்ட இடத்தில் நீங்கள் எந்த மூலத்தைப் பின்பற்றுகிறீர்கள் என்று சொல்லிவிட்டு ஒன்றை எழுதினால் போதும், பஞ்சாயத்து பண்ண வேண்டியதில்லை.

10. லேபிள்

இப்போது காலியாக விட்ட இடத்தை நிரப்பலாம். கடையில் வாங்கிய ஒரு நத்தைக்கு நான் எழுதுவது இப்படி:

எண் 14. பொமேசியா டிஃப்யூசா ப்ளூமே, 1957.
ஆம்புல்லாரிடே.
அக்வாரியம் கடையில் வாங்கியது. இயற்கை நீர்நிலையில் பிடித்தது அல்ல. கடையில் சொன்ன பெயர்: பிரிட்ஜெசி.
அடையாளம் கண்டது: ஓட்டின் தோள், சுருள்கோடு, மூடி. டிஎன்ஏ பார்க்கவில்லை.
பெயருக்கு மூலம்: மொலஸ்காபேஸ், பார்த்த தேதி.
தீர்மானித்தவர், தேதி.

நான்காவது வரிதான் முக்கியம், அதைத்தான் எல்லாரும் விட்டுவிடுகிறார்கள். எதை வைத்துச் சொன்னோம் என்று இருந்தால் அடுத்தவர் அதையே திரும்பப் பார்த்துச் சரிபார்க்கலாம். மூல வரியில் தேதி இல்லாவிட்டால் அந்த வரியே வீண், தரவுத்தளத்தின் பக்கம் அடுத்த மாதம் மாறலாம்.

சில ஆண்டுகள் கழித்துப் பெயர் மாறினால் பழைய லேபிளை அடிக்கவோ கிழிக்கவோ வேண்டாம். புதிய சீட்டில் புதிய பெயர், தேதி, உங்கள் பெயர் எழுதி, பெயர் மாற்றமா அடையாளத் திருத்தமா என்று ஒரு சொல்லில் குறித்து, பழையதற்குப் பின்னால் அதே குப்பிக்குள் போடுங்கள். சில குப்பிகளில் இப்படி நாலு சீட்டு வரை சேர்ந்திருக்கும். எடுத்துப் படிக்க ஆல்கஹாலில் கைவிட வேண்டும், ஆகவே பென்சிலில் கொஞ்சம் பெரிதாகவே எழுதுங்கள்.